சொம்பு பிடித்த கை

2012ஆம் வருஷம், பங்குனி வெயில். செஞ்சி வட்டாரக் கிராமங்களில் இன்னும் உயிரோடிருக்கிற தீண்டாமையைப் படம்பிடிக்க ஒரு குழு எங்கள் காலனிக்கு வந்தது. இயக்குநர், கேமராக்காரர், மைக் பிடிக்க ஒரு பையன், வாடகை சுமோ. நான் எம்.ஏ. தமிழ் முடித்துவிட்டு இயக்க வேலை, நோட்டீஸ் எழுதுவது, சுவரெழுத்து என்று திரிந்துகொண்டிருந்த காலம். எந்தத் தெருவில் யாரைப் பார்ப்பது, எந்த டீக்கடையில் கேமராவை வெளியே எடுக்கக் கூடாது என்றெல்லாம் சொல்லித்தருகிற 'உள்ளூர் ஆள்' வேலை எனக்கு. நாளுக்கு முந்நூறு ரூபாய், மத்தியானச் சாப்பாடு.

இரண்டாம் நாள் என் பெரிய அத்தை வீட்டு வாசலில் இயக்குநர் தண்ணீர் கேட்டார். அத்தை எவர்சில்வர் சொம்பில் கொண்டுவந்து நீட்டியது. அவர் வாய்வைத்துக் குடித்தார். கேமராக்காரர் சரியாக விழவில்லை, இன்னொரு தடவை என்றார். மறுபடியும் சொம்பு, மறுபடியும் குடித்தல். மூன்றாம் தடவையும் ஆனபிறகு அத்தை என்னிடம், "இத்தினி தண்ணி குடிச்சா அந்தப் பொண்ணு வவுறு இன்னாத்துக்கு ஆவும்" என்று கேட்டது. இயக்குநருக்கு அதை நான் மொழிபெயர்க்கவில்லை. அவருக்குத் தமிழ் தெரியும், எங்கள் தமிழ்தான் தெரியாது.

படம் முடிந்து சென்னையில் திரையிட்டார்கள். பஸ் காசு கொடுத்துக் கூப்பிட்டிருந்தார்கள், போனேன். அந்தக் காட்சி வந்தது. திரை முழுக்க இயக்குநரின் முகம். மேலிருந்து சாய்கிற சொம்பு. அதைப் பிடித்திருக்கிற கறுத்த கை, வளையல் வரைக்கும். அவ்வளவுதான் அத்தை. பின்னணியில் இயக்குநரின் குரல். தன் பாட்டி இந்தத் தண்ணீரைத் தொட்டிருக்கமாட்டாள் என்றும், தான் தொட்டுவிட்டதாகவும், தனக்குள் ஏதோ உடைந்ததாகவும் சொன்னது அந்தக் குரல். குரல் தழுதழுத்தது. அரங்கம் கைதட்டியது. தோழர்களே, நானும் கைதட்டினேன்.

ஊருக்கு வந்து அத்தைக்குக் கம்ப்யூட்டரில் போட்டுக் காட்டினேன். "மூஞ்சி எங்கடா?" என்றது முதலில். கைதட்டல் விஷயத்தைச் சொன்னதும் கொஞ்சநேரம் பேசாமலிருந்தது. பிறகு, "நம்மூட்ல அது தண்ணி குடிச்சதுக்குக் கைதட்டுனாங்க, சரி. அவங்கூட்ல நாம குடிச்சா தட்டுவாங்களா?" என்றது.

அந்த இயக்குநரின் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. அவர் கெட்டவரில்லை. அவரைத் திட்டுவதற்காக இதை எழுதவுமில்லை. படம் எடுப்பவர் தன் படத்துக்குள் தானே வந்து உட்காரும்போது என்ன நடக்கிறது, அது நேர்மையா, ஆக்கிரமிப்பா என்பது பதின்மூன்று வருஷமாக என்னை அரித்துக்கொண்டிருக்கிற கேள்வி. முழுக்கவும் அடுத்தவர் மேல் ஏவிவிடக்கூடிய கேள்வியாகவும் அது இல்லாமல் போய்விட்டது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

படம் எடுப்பவர் ஒளிந்துகொள்வதுதான் பழைய வழக்கம். 1922இல் வெளியான பிளாஹர்ட்டியின் 'நானூக் ஆஃப் த நார்த்' படத்தில் வருகிற வேட்டைக்காரரின் உண்மைப் பெயர் நானூக் இல்லை. பனிவீட்டுக்குள் கேமராவும் வெளிச்சமும் போதாதென்று வீட்டையே பாதியாகத் திறந்து கட்டியிருந்தார்கள். பார்க்கிறவனுக்கு எதுவும் தெரியாது. அங்கே ஒரு வெள்ளைக்காரர் நிற்கிறார், அவர் 'இப்படி நட, அப்படி எறி' என்கிறார் என்பது படத்தில் இல்லை. மானிடவியல் நம் சனங்களை எழுதிய லட்சணமும் இதுதான். எழுதியவன் கடவுள்போல எங்கும் இருப்பான், எங்கும் தெரியமாட்டான்.

இந்த ஒளிதலை உடைத்தவர்களில் இரண்டு பிரெஞ்சுக்காரர்களைச் சொல்லவேண்டும். ழான் ரூஷ், எட்கர் மோரின். 1960 கோடையில் பாரிஸ்காரர்களைப் பிடித்துப் பேசவைத்து எடுத்து 1961இல் வெளியிட்ட 'ஒரு கோடையின் வரலாறு' படத்தில் இரண்டு பேரும் திரையில் வருகிறார்கள். கேள்வி கேட்கிறார்கள், சிகரெட் பிடிக்கிறார்கள். அதெல்லாம் பெரிய விஷயமில்லை. எடுத்ததை எடுக்கப்பட்டவர்களுக்கே போட்டுக் காட்டி, அவர்கள் சண்டை போடுவதையும் படத்திலேயே வைத்தார்கள் பாருங்கள், அதுதான் விஷயம். ஒருவர் இது நடிப்பு என்கிறார், இன்னொருவர் இப்படி உள்ளதையெல்லாம் அவிழ்த்துக் காட்டுவது அசிங்கம் என்கிறார். கடைசியில் இயக்குநர்கள் இருவரும் ஒரு அருங்காட்சியகத்தின் நடைவழியில் முன்னும் பின்னும் நடந்துகொண்டு, நாம் நினைத்தது நடக்கவில்லையே என்று பேசிக்கொள்கிறார்கள். தோற்றதைக் காட்டுவதற்காகவே சட்டகத்துக்குள் வருகிறார்கள்.

அமெரிக்காவில் மைக்கேல் மூர் வேறு மாதிரி. 1989இல் வந்த 'ரோஜர் அண்ட் மீ' படத்தில் ஜெனரல் மோட்டார்ஸ் கம்பெனியின் தலைவரைத் தேடித் தொப்பியும் தொப்பையுமாக அலைகிறார். கம்பெனி ஆலைகளை மூடி நாசமாக்கிய ஃபிளிண்ட் நகரம் அவருடைய சொந்த ஊர், அவர் வீட்டார் அந்தக் கம்பெனியில் வேலைசெய்தவர்கள். அதனால் அந்த 'மீ' எனக்கு உறுத்தவில்லை. ஆனால் பின்னால் வந்த படங்களில் மூர் எங்கே போனாலும் மூரைப் பார்க்கத்தான் கூட்டம் வந்தது. சாமியைத் தூக்கிக்கொண்டு வந்தவனே சாமியாகிப்போகிற கதை.

ஆக்னஸ் வர்தாவின் படத்தைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேசவேண்டும். 2000த்தில் வந்தது, அறுவடைக்குப் பிறகு வயலில் விட்டுப்போனதைப் பொறுக்குகிறவர்களைப் பற்றியது. பாண்டிச்சேரியில் ஒரு நண்பர் அறையில் பார்த்தேன். உருளைக்கிழங்கு பொறுக்குகிறார்கள், சந்தையில் வீசியதைத் தின்கிறார்கள். நடுவில் வர்தா ஒரு கையில் சின்ன கேமராவைப் பிடித்துக்கொண்டு இன்னொரு கையைப் படமெடுக்கிறார். சுருங்கிப்போன, புள்ளி விழுந்த கிழவியின் கை. நானும் பொறுக்குகிறவள்தான், படங்களைப் பொறுக்குகிறேன் என்பது அவர் வாதம். எனக்கு அந்தப் படம் பிடித்தது. ஆனாலும் மனசு ஒட்டவில்லை. செஞ்சிப் பக்கம் மல்லாட்டை பிடுங்கி முடிந்த கொல்லையில் தப்பின காய் பொறுக்க அத்தையோடு நான் போயிருக்கிறேன். கொல்லைக்காரன் விட்டால்தான் இறங்கலாம். பொறுக்கியதில் பாதியைக் கொடு என்பான். மடியை அவிழ்க்கச் சொல்வான். பொறுக்குவதை உவமையாக்குகிற வசதி மடியை அவிழ்த்துக் காட்டவேண்டாதவர்களுக்குத்தான் உண்டு என்று அன்றைக்குத் தோன்றியது. இப்போது யோசித்தால், அந்தக் கையைக் காட்டியதற்காகவே வர்தாவை மன்னிக்கலாம் போலிருக்கிறது. அவர் தன் கையைக் காட்டினார். எங்கள் அத்தையின் கையைக் காட்டிவிட்டு அதன்மேல் தன் முகத்தை வைக்கவில்லை.

நம் நாட்டுக்கு வருவோம். ஆனந்த் பட்வர்தன் 1985இல் எடுத்த 'பம்பாய் நமது நகரம்' பார்த்தவர்களுக்கு அந்தப் பெண்மணியை மறக்கமுடியாது. குடிசை இடிபட்டு நிற்கிற அவர், படமெடுத்துக்கொண்டிருப்பவரைப் பார்த்தே ஏறுகிறார். எங்களைப் படம்பிடித்து நீங்கள் என்ன கிழிக்கப்போகிறீர்கள், பேர் வாங்கத்தானே என்கிற தொனி. பட்வர்தன் அங்கே திரையில் தெரியவில்லை. பதிலும் பெரிதாக இல்லை. ஆனால் அந்தத் திட்டை வெட்டாமல் வைத்தார். முகம் காட்டாமலேயே ஒரு இயக்குநர் தன் படத்துக்குள் வந்த இடம் அது, குற்றவாளிக் கூண்டு வழியாக. அதே படத்தில் பாடிய விலாஸ் கோக்ரே என்கிற தலித் பாடகர், 1997 ஜூலையில் பம்பாய் ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலை அவமதிப்பை எதிர்த்தவர்களைப் போலீஸ் சுட்டுப் பத்துப் பேர் செத்தபிறகு, தூக்கில் தொங்கினார். பட்வர்தன் பதினான்கு வருஷம் எடுத்த 'ஜெய் பீம் காம்ரேட்' (2011) அங்கிருந்துதான் தொடங்குகிறது. தெரிந்த மனிதனின் சாவுக்குப் பதில் தேடுகிற படம். அதில் 'நான்' உண்டு, ஆனால் அடக்கமாக உண்டு.

அவரே 2023இல் தன் அம்மா, அப்பா, சுதந்திரப் போராட்டத்திலிருந்த பெரியப்பாக்கள் பற்றி 'வசுதைவ குடும்பகம்' என்று ஒரு படம் கொண்டுவந்தார். நல்ல மனிதர்கள், நல்ல படம். அதைப் பார்த்தபோது வேறொரு கணக்கு என் மண்டையில் ஓடியது. அவர் வீட்டில் மூன்று தலைமுறைக்குப் புகைப்படம் இருக்கிறது. என் தாத்தாவுக்குப் படமே கிடையாது. என் அப்பாவின் முதல் படம் வாக்காளர் அடையாள அட்டையில் இருப்பது. அதில் அவர் யாரோ அதட்டியதுபோல் முழிக்கிறார். குடும்பத்தைப் படமெடுத்துத் தன்னைத் தேடுகிற வகைக்குக்கூட முதல் வேண்டியிருக்கிறது. நிலம் மாதிரித்தான் இதுவும், பரம்பரையாக வரவேண்டும்.

தமிழ்நாட்டில் அமுதன் ஆர்.பி. 2003இல் 'பீ' எடுத்தார். மதுரையில் ஒரு தெருவில் மலம் அள்ளுகிற மாரியம்மாள் என்கிற துப்புரவுத் தொழிலாளியின் பின்னாலேயே கேமரா நடக்கிறது. இருபத்தாறு நிமிஷம். இயக்குநர் வந்து நின்று கண்ணைத் துடைத்துக்கொள்வதில்லை. முகத்தைத் திருப்பிக்கொள்ள நமக்கு இடமும் தருவதில்லை. திவ்யபாரதியின் 'கக்கூஸ்' (2017) வேறு ஒரு உண்மையைக் காட்டியது. மனிதக் கழிவை மனிதன் அள்ளுவதைத் தடைசெய்து 2013இல் சட்டம் வந்தபிறகும் செத்துக்கொண்டிருக்கிறவர்களைப் பற்றிய படம் அது. பல இடங்களில் திரையிடவிடாமல் போலீஸ் தடுத்தது. யூடியூபில் போட்டார்கள். மிரட்டலும் ஆபாசமுமாகப் போன் அழைப்புகள் அவருக்குக் குவிந்தன. 2017 ஜூலையில், விடுதியில் பாம்பு கடித்துச் செத்த தலித் மாணவருக்காக 2009இல் நடந்த போராட்ட வழக்கில் அவரைக் கைதுசெய்தார்கள். தன்னைச் சட்டகத்துக்குள் வைப்பதா வேண்டாமா என்று இயக்குநர் யோசிக்கவே தேவையில்லாமல், போலீஸே அவரைத் தூக்கி உள்ளே வைத்தது. சொந்த உடம்புக்கு ஆபத்து வருகிற இடத்தில் 'நான்' என்று சொல்வதற்கு வேறு எடை வந்துவிடுகிறது.

லீனா மணிமேகலையின் 'செங்கடல்' கதையும் ஆவணமும் கலந்தது. தனுஷ்கோடிக்குப் படமெடுக்கப் போகிற இயக்குநராக அவரே நடித்தார். மீனவர்களும் ஈழ அகதிகளும் தங்களாகவே வந்தார்கள். தணிக்கைக் குழு மறுத்து, 2011இல் மேல்முறையீட்டில் போய்த்தான் சான்றிதழ் வாங்கினார்கள். அந்த இயக்குநர் பாத்திரத்தை வெட்டியிருந்தால் படம் நன்றாயிருந்திருக்கும் என்று சொன்ன நண்பர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. கரையில் ஒருத்தி கேமராவோடு நிற்கிறாள், அவளால் ஒன்றும் செய்யமுடியவில்லை என்பதும் அங்கே நடந்த விஷயம்தானே.

ஒளிந்துகொண்டு எடுத்தாலும் வம்பு தீருவதில்லை. புந்தேல்கண்டில் தலித் பெண்கள் நடத்துகிற 'கபர் லஹரியா' செய்தி நிறுவனம் பற்றிய 'ரைட்டிங் வித் ஃபயர்' படம் 2022இல் ஆஸ்கர் போட்டி வரைக்கும் போனது. எடுத்தவர்கள் படத்தில் எங்கேயும் தலைகாட்டவில்லை. விருது விழாவுக்குக் கொஞ்ச நாள் முன்னால் கபர் லஹரியாவே ஒரு அறிக்கை விட்டது. படம் உருக்கமானது, வலுவானது, ஆனால் ஒரே கட்சியைப் பற்றியே செய்தி போடுகிறவர்களாக எங்களைக் காட்டியிருப்பது சரியில்லை என்று. ரூஷும் மோரினும் படத்துக்குள்ளேயே வைத்த சண்டை இங்கே படத்துக்கு வெளியே அறிக்கையாக வரவேண்டியதாயிற்று. வந்ததே நல்லது. எழுதத் தெரிந்த பெண்கள், அதனால் எழுதினார்கள். எங்கள் அத்தை அறிக்கை விடமுடியுமா?

தொண்ணூறுகளின் சிறுபத்திரிகைகளைக் கல்லூரி நூலகத்தில் தூசி தட்டிப் படித்தவன் நான். தலித் அல்லாதவர் தலித் இலக்கியம் எழுதலாமா என்று பக்கம் பக்கமாகச் சண்டை. அந்தச் சண்டையில் பிறந்ததுதான் என் மாதிரி ஆட்களுடைய மூளை. ஆனால் எழுதுகிறவன் யார் என்ற கேள்வியோடு நின்றுவிட்டோமோ என்று இப்போது சந்தேகம். தலித்தே எழுதினால், தலித்தே எடுத்தால் எல்லாம் சரியாகிவிடும் என்று நம்பிவிட்டோம். சிவகாமி அப்படி நம்பவில்லை. 1989இல் 'பழையன கழிதலும்' எழுதியவர், பிறகு 'ஆசிரியர் குறிப்பு' என்று தனியாக ஒன்றை எழுதி, தன் நாவலுக்குள் தானே திரும்பிப்போய், எதை விட்டோம், யாரை எப்படி வரைந்தோம் என்று தன்னையே விசாரித்தார். இதற்குச் சமமாக நம் படங்களில் ஒன்றை நான் இன்னும் பார்க்கவில்லை. ஜோதி நிஷா 'அம்பேத்கர்: அன்றும் இன்றும்' படத்தில் ஒரு பகுஜன் பெண்ணாகத் தன்னையும் வைத்தே பேசியிருப்பது புதுத் தொடக்கம். ராஜேஷ் ராஜாமணி 2020இல் எடுத்த குறும்படத்தில் மூன்று உயர்சாதிப் படக்காரர்கள் 'தலித் மாதிரி இருக்கிற' நடிகையைத் தேடி அலைவதைப் பார்த்து நான் சிரித்த சிரிப்பில் பாதி, எங்கள் சுமோக் குழுவை நினைத்து. மீதிப் பாதி வரவில்லை. ஏன் வரவில்லை என்பதற்கும் வருகிறேன்.

இதற்கு நடுவில் எங்கள் ஊர் மலைகளைப் பற்றி ஒரு வார்த்தை. செஞ்சிக் கோட்டைக்கு ராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திரகிரி என்று மூன்று மலை. 2025 ஜூலையில் யுனெஸ்கோ மராட்டியர் ராணுவ நிலக்காட்சிகள் என்று பன்னிரண்டு கோட்டைகளை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபோது மகாராஷ்டிராவுக்கு வெளியே இருக்கிற ஒரே கோட்டையாக இதுவும் சேர்ந்தது. அதிலிருந்து ட்ரோன் பறக்காத ஞாயிற்றுக்கிழமை இல்லை. தேசிங்கு ராஜன் குதிரையில் போன வழி இது என்று கேமராவைப் பார்த்து நடந்துகொண்டே பேசுகிற பையன்கள், பெண்கள். எல்லாரும் அவரவர் படத்தில் அவரவரே நாயகர். நான்காவதாகச் சின்ன மலை ஒன்று இருக்கிறது. பழைய நூல்களில் சக்கிலி துர்க்கம், சமார் டிக்ரி என்று பெயர். ராஜாவுக்கு ஒரு மலை, சாமிக்கு ஒரு மலை, நிலாவுக்கு ஒரு மலை, செருப்புத் தைத்தவனுக்கு ஒரு குன்று. அதன்மேல் ஏறி நின்று யாரும் பேசி நான் பார்த்ததில்லை.

கோட்டை என்றால் எனக்கு அம்பேத்கர் ஞாபகம் வரும். 'விசாவுக்காகக் காத்திருத்தல்' என்று அவர் எழுதிவைத்துப்போன சிறு நூல் 1990இல்தான் அச்சுக்கு வந்தது. அதில் 1934இல் கிட்டத்தட்ட முப்பது பேரோடு தௌலதாபாத் கோட்டை பார்க்கப் போனது வருகிறது. வாசலில் இருந்த குளத்தில் புழுதி போக முகம் கை கால் கழுவினார்கள். தீட்டாக்கிவிட்டார்கள் என்று கூச்சல் எழுந்து கூட்டம் கூடிவிட்டது. கடைசியில், உள்ளே எங்கேயும் தண்ணீரைத் தொடாமல் பார்த்துக்கொள்ள ஆயுதம் தாங்கிய சிப்பாய் ஒருவனைக் கூட அனுப்பித்தான் கோட்டையைச் சுற்றிப் பார்க்கவிட்டார்கள். பாரிஸ்டர், சட்டமேதை, எல்லாம் அந்தத் தண்ணீர் முன்னால் நின்றுபோயிற்று.

அந்த நூலில் அம்பேத்கர் 'நான்' என்று எழுதுகிற விதத்தைக் கவனித்திருக்கிறீர்களா? எத்தனை பேர், என்ன நேரம், யார் என்ன சொன்னார், நாங்கள் என்ன பதில் சொன்னோம். குரல் தழுதழுப்பதில்லை. தன் கதை முடிந்ததும், கத்தியவாரில் வைத்தியர் தொடமறுத்துச் செத்துப்போன ஒரு பெண்ணின் கதை, வேலையில் சேரப்போன இடத்தில் தண்ணீர்ப் பானையைத் தொடமுடியாத ஒரு பங்கி இளைஞனின் கதை என்று அடுத்தவர்களுக்கு இடத்தைக் கொடுத்துவிட்டு நகர்ந்துவிடுகிறார். எங்கள் அத்தை வாசலில் இயக்குநர் குடித்த தண்ணீரையும் இந்தக் குளத்துத் தண்ணீரையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன். குடித்தவருக்கு அது ஒரு அனுபவம். இவருக்கு அது சாட்சியம். அனுபவம் பட்டவரிடமே தங்கிவிடும். சாட்சியத்துக்குக் குறுக்கு விசாரணை உண்டு.

சரி, என் விஷயம்.

2019இல் நானே ஒரு படம் எடுத்தேன். சிநேகிதன் ஒருவன் கல்யாண வீடியோ எடுப்பவன், அவன் கேமரா. அப்பாவைப் பற்றி. அப்பா பறை அடித்தவர், ஊரில் யாராவது செத்தால் சாவு சொல்லப் போனவர். பத்துப் பதினைந்து மைல் நடந்துபோய்ச் சேதி சொல்லிவிட்டு, கொடுத்த கம்போ கேழ்வரகோ துண்டில் முடிந்துகொண்டு திரும்பி வருவார். எண்பதுகளின் கடைசியில் ஒரு திருவிழாவுக்கு இனி மேளத்துக்கு வரமாட்டோம் என்று சொன்னவர்களில் அவரும் ஒருத்தர். அதற்கு ஊர் என்ன செய்தது என்பதைக் கேமரா முன்னால் முதல்தடவையாகச் சொன்னார். மரத்தில் கட்டியதைச் சொன்னார். கடைசியில் காலில் விழவைத்ததையும் சொன்னார். விழவைத்தார்கள் என்று சொல்லவில்லை. "வுழுந்துட்டேன்" என்றார். அதைக் கேட்டு நான் அழுதேன். சிநேகிதன் புத்திசாலி, கேமராவை என் பக்கம் திருப்பிவிட்டான்.

படம் இருபத்திரண்டு நிமிஷம். அதில் என் அழுகை ஒன்றே கால் நிமிஷம். அப்பா நடந்த வழியில் நான் தனியாக நடப்பது மூன்று நிமிஷம். என் குரல் படம் முழுக்க. அம்பேத்கர் படிப்பகத்தில் வெள்ளை வேட்டி கட்டிப் போட்டுக் காட்டினோம். பயல்களெல்லாம் வந்து என் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். அப்பா வீட்டுக்கு வந்தபிறகு இரண்டு விஷயம் சொன்னார். "நான் சும்மா இருந்த எடத்துல எல்லாம் நீ பேசிகினே கீற." இது ஒன்று. "அந்தக் கால்ல வுழுந்தத எடுத்துடு." இது இன்னொன்று. நான் விளக்கினேன். அது உங்கள் அவமானம் இல்லையப்பா, அவர்களுடைய அவமானம், வரலாறு, ஆவணம் என்று. எம்.ஏ. படித்த வாய். அவர், "அவமானம் அவங்களுதுதான். வுழுந்தது நான்தானே" என்று சொல்லிவிட்டுப் படுக்கப் போய்விட்டார். நான் எடுக்கவில்லை. நாலைந்து ஊர்களில் திரையிட்டேன். கைதட்டினார்கள். எந்த இடத்தில் தட்டினார்கள் என்று சொல்லவேண்டுமா?

இதைவிடப் பெரிய விஷயம் ஒன்று இருக்கிறது. படத்தில் இல்லாதது.

அப்பாவிடம் பேசிக்கொண்டிருந்த இரண்டாம் நாள், அவருக்கு அலுத்துவிட்டது. "நீயே கேட்டுகினு இருக்கியே. நான் ஒன்ன கேக்குறேன்" என்றார். சிநேகிதன் சிரித்துக்கொண்டே கேமராவை என்மேல் வைத்தான். நாலு நிமிஷம் ஓடியிருக்கிறது. முதலில் எவ்வளவு சம்பளம், எப்போ கல்யாணம் என்று வேடிக்கையாகத்தான் கேட்டார். அப்புறம் கேட்டார். "அன்னிக்கு நீ டவுன்ல வாடகைக்கு இருந்தப்போ நான் வந்தன் இல்ல. ஊட்டுக்காரம்மா 'யாரு இவரு'ன்னு கேட்டுச்சே. நீ இன்னா சொன்ன?"

நான் என்ன சொன்னேன் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். வீடு பிடிக்கும்போது எந்தத் தெரு என்று கேட்டதற்கு ஊர்த்தெருப் பெயரைச் சொல்லியிருந்தேன். அப்பா வேட்டியும் தோளில் அழுக்குத் துண்டுமாக வாசலில் வந்து நின்றபோது, "ஊர்ல தெரிஞ்சவர்" என்று சொன்னேன். அப்பா கேட்டுக்கொண்டுதான் நின்றார். தண்ணீர்கூடக் குடிக்காமல், பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று சொல்லிவிட்டுப் போனார். பத்து வருஷம் அதைப் பற்றி வாய் திறக்காதவர், கேமரா என் பக்கம் திரும்பியதும் கேட்டார். கேமராவுக்கு இப்படி ஒரு உபயோகம் உண்டென்று என்னைவிட முன்னால் புரிந்துகொண்டவர் அவர்தான்.

நான் கேமராவைப் பார்த்து, "ஞாபகம் இல்லப்பா" என்றேன்.

அப்பா தலையை ஆட்டினார். "சரி வுடு" என்றார். மறுபடி நான் கேட்க ஆரம்பித்தேன்.

அந்த நாலு நிமிஷத்தைப் படத்தொகுப்பில் தொடவேயில்லை. தேவையில்லாத பகுதி என்று பெயர் போட்டு வேறு ஃபோல்டரில் தள்ளிவிட்டேன். என் கண்ணீரை வைத்தேன், என் பொய்யை வைக்கவில்லை. அப்பா காலில் விழுந்ததை ஊர் ஊராகக் காட்டினேன், நான் விழுந்ததை ஒளித்தேன். சென்னை இயக்குநர் மூன்று சொம்புத் தண்ணீர் குடித்தார். நான் குடித்தது எத்தனை சொம்பு என்று கணக்கில்லை. அந்தக் குறும்படம் பார்த்துச் சிரித்தபோது மீதிப் பாதிச் சிரிப்பு வராத காரணம் இதுதான்.

சாதி என்னை அப்படிப் பேசவைத்தது, வாடகைக்கு வீடு கிடைக்கவேண்டுமே என்று தோழர்கள் சொல்லக்கூடும். நானும் பலமுறை எனக்கே சொல்லிக்கொண்டிருக்கிறேன். சரிதான். ஆனால் அதே சாதிதான் அப்பாவையும் காலில் விழவைத்தது. அவர் "வுழுந்துட்டேன்" என்று தன்வினையில் சொன்னார். இலக்கணம் படித்த எனக்குத்தான் 'விழவைத்தார்கள்' என்று பிறவினை தேவைப்பட்டது.

போன மாசம் பாண்டிச்சேரி மாணவர்கள் சிலர் அந்தப் படத்தைத் திரையிடக் கேட்டார்கள். முன்பிருந்த படத்தைக் கொடுக்க மனம் வரவில்லை. சிநேகிதன் கடையில் மூன்று ராத்திரி உட்கார்ந்து மறுபடி வெட்டினோம். என் அழுகை போய்விட்டது. நான் நடக்கிற காட்சி போய்விட்டது. அப்பா காலில் விழுந்ததைச் சொல்கிற இடமும் போய்விட்டது. அது போனதில் சிநேகிதனுக்கு வருத்தம், படத்துக்கு உயிரே அதுதான் என்கிறான். அவன் சொல்வதும் பொய்யில்லை. ஒரு வன்கொடுமையின் சாட்சியத்தை நானே அழித்துவிட்டேனோ என்ற பயம் எனக்கும் இருக்கிறது. மூலப் பதிவைத் தனியாகப் பத்திரப்படுத்தியிருக்கிறேன். அதை யார், எப்போது பார்ப்பது என்பதை அப்பாதான் சொல்லவேண்டும். அப்பா பேசாமல் இருக்கிற இடங்களில் என் குரலை எடுத்துவிட்டேன். விசிறிச் சத்தம் கேட்கிறது. தூரத்தில் கைப்பம்பு அடிக்கிற சத்தம். அந்த நாலு நிமிஷம் முழுசாக, வெட்டாமல் இருக்கிறது.

மாணவர்களுக்கு அனுப்புவதற்கு முன்னால் அப்பாவுக்குக் காட்டவேண்டும். அவருக்கு இப்போது ஒரு கண்ணில் புரை, ஆபரேஷனுக்கு நாள் சொல்லியிருக்கிறார்கள். கட்டு அவிழ்த்தபிறகு பார்க்கிறேன் என்றார். "அத வெச்சிட்டியா?" என்று கேட்டார். எதை என்று நான் கேட்கவில்லை. "வெச்சிட்டன்பா" என்றேன்.